பத்து வயசுல பிள்ளைய ரெண்டா பிரிக்கலாமா? லெவன் பிளஸ் பத்தி உங்க கேள்விகள்

போன இதழ்ல செகண்டரி ஸ்கூல் சேர்க்கை பத்தி ஒருத்தர் கேட்டதுக்கு பதில் எழுதும்போது, "லெவன் பிளஸ் பரீட்சைய நான் ஆதரிக்கல, ஆனா எழுதுற பிள்ளைங்கள குத்தம் சொல்ல மாட்டேன்"னு ஒரு வரி எழுதியிருந்தேன். இங்கிலாந்துல பிரைமரி முடியற பத்து, பதினோரு வயசுப் பிள்ளைங்க, மார்க் பாத்து ஆள் எடுக்கற கிராமர் ஸ்கூல்ங்கற அரசு ஸ்கூல்கள்ல சேர எழுதற பரீட்சைதான் லெவன் பிளஸ். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள்தான் இந்த மாசப் பகுதி முழுக்க. நெறைய பேருக்கு கோவம், சில பேருக்கு பயம். முடிஞ்ச வரைக்கும் எல்லாத்துக்கும் பதில் சொல்றேன்.

டீச்சர் வணக்கம். நாங்க சென்னைல இருந்து வந்து ஒரு வருஷம்தான் ஆச்சு. ஆபீஸ்ல எல்லாரும் கிராமர் ஸ்கூல், லெவன் பிளஸ்னே பேசுறாங்க. எங்க ஊர்ல இருக்கு, ஹாரோல இருக்க ஃப்ரெண்டு அவங்க பக்கம் அப்படி ஒண்ணுமே இல்லங்கறான். ஒரே நாட்டுல எப்படி இது? - ஒரு அப்பா, ஸ்லவ்

குழப்பம் வர்றது நியாயம்தான். இதுக்குப் பின்னாடி ஒரு எண்பது வருஷ கதை இருக்கு, அது தெரியாம இந்த விவாதமே புரியாது.

1944ல கல்விக்குப் பொறுப்பான அமைச்சரா இருந்த பட்லர் கொண்டு வந்த கல்விச் சட்டம் இங்கிலாந்துலயும் வேல்ஸ்லயும் செகண்டரி படிப்ப எல்லா பிள்ளைக்கும் இலவசமாக்குச்சு. அது பெரிய விஷயம், அதுல எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. ஆனா அதுக்கப்புறம் பெரும்பாலான ஊர்கள்ல என்ன பண்ணாங்கன்னா, பிரைமரி முடியற நேரத்துல ஒரு பரீட்சை வச்சு, மேல வர்ற கிட்டத்தட்ட நாலுல ஒரு பிள்ளைய கிராமர் ஸ்கூலுக்கும் மிச்சப் பேர செகண்டரி மாடர்ன் ஸ்கூலுக்கும் அனுப்பினாங்க. டெக்னிகல் ஸ்கூல்னு மூணாவதா ஒரு வகையும் பேசினாங்க, ஆனா அத ரொம்ப கொஞ்சம்தான் கட்டினாங்க. செகண்டரி மாடர்ன் போன பிள்ளைங்கள்ல பெரும்பாலானவங்க பதினாறு வயசுல எழுதற ஓ லெவல் பரீட்சை ஹால் பக்கமே போகாம 15 வயசுல வேலைக்குப் போயிட்டாங்க.

இதுக்கு அந்தக் காலத்துல அறிவியல் ஆதாரம்னு காட்டினது சிரில் பர்ட் மாதிரி உளவியலாளர்கள் சொன்னத: அறிவுங்கறது பெரும்பாலும் பிறவியிலயே வர்றது, பதினோரு வயசுல அத அளந்துடலாம்னு. பர்ட் 1971ல இறந்து போனதும் இரட்டைப் பிள்ளைங்கள வச்சு அவர் பண்ண ஆய்வோட டேட்டா மேல பெரிய சந்தேகம் கிளம்புச்சு, அவர் வாழ்க்கை வரலாற எழுதினவரே 1979ல அதுல மோசடி இருக்குன்னுதான் முடிவு சொன்னார். இன்னைக்கும் அவருக்காக வாதாடறவங்க உண்டு, ஆனா அந்த டேட்டாவ நம்பி ஒரு நாட்டுப் பிள்ளைங்கள பிரிக்கலாம்னு சொல்ல யாரும் இல்ல.

பரீட்சைய நேர்மையா நடத்தினாலும் அதுல பாஸாகிறது நீங்க எங்க பொறந்தீங்கங்கறதப் பொறுத்துதான் இருந்துச்சு. ஒரு கவுன்டில, நம்ம ஊர் மாவட்டம் மாதிரி, கிராமர் சீட் அதிகம், பக்கத்து கவுன்டில பாதிகூட இல்ல. பொண்ணுங்க அந்த வயசுல பசங்கள விட நல்லா மார்க் எடுப்பாங்க, அதனால சமமா வரணும்னு பல இடங்கள்ல பொண்ணுங்களுக்கு கட்ஆஃப ஏத்தி வச்சாங்க. யோசிச்சுப் பாருங்க, பாஸ் மார்க் எடுத்த பொண்ணுக்கு நீ ஃபெயில்னு லெட்டர் போயிருக்கு.

1965ல லேபர் கட்சி அரசாங்கத்துல கல்வி அமைச்சரா இருந்த ஆன்டனி கிராஸ்லன்ட் 10/65னு ஒரு சுற்றறிக்கை விட்டார். இந்தப் பிரிவினைய விட்டுட்டு எல்லாரும் ஒண்ணா படிக்கற காம்ப்ரிஹென்சிவ் ஸ்கூலுக்கு மாறுங்கன்னு உள்ளூர் நிர்வாகமான கவுன்சில்கள கேட்டுக்கிட்டாங்க. கவனிங்க, கேட்டுக்கிட்டாங்க, கட்டாயப்படுத்தல. பெரும்பாலான கவுன்சில்கள் மாறிடுச்சு. 1970ல இருந்து 74 வரைக்கும் கல்வி அமைச்சரா இருந்த, கன்சர்வேடிவ் கட்சிய சேர்ந்த மார்கரெட் தாட்சர் காலத்துலதான் ரொம்ப அதிகமான ஸ்கூல்கள் காம்ப்ரிஹென்சிவா மாறுச்சு, இத சொன்னா இப்பவும் பல பேர் நம்ப மாட்டாங்க. கென்ட், பக்கிங்கம்ஷர், லிங்கன்ஷர், டிராஃபர்ட் மாதிரி சில இடங்கள் மட்டும் மாறாம நின்னுச்சு. உங்க ஸ்லவும் அந்த லிஸ்ட்ல வரும். 1998ல வந்த சட்டம் புதுசா கிராமர் ஸ்கூல் தொடங்கக் கூடாதுன்னுச்சு, ஆனா இருக்கறத மூடவும் சொல்லல. அதனால 163 கிராமர் ஸ்கூல் அப்படியே நின்னு போச்சு, அரசு செகண்டரி பிள்ளைங்கள்ல ஒரு 5 சதவீதம் அதுல படிக்கறாங்க. ஸ்காட்லாந்துலயும் வேல்ஸ்லயும் ஒண்ணுகூட இல்ல. பிரதமரா இருந்த தெரசா மே 2016ல அந்தத் தடைய எடுக்கறேன்னு அறிவிச்சாங்க, 2017 தேர்தல்ல மெஜாரிட்டி போனதும் அந்தத் திட்டத்த கைவிட்டாங்க.

அக்கா, என்ர மகள் இப்ப இயர் 4. எங்கட ரோட்டில இருக்கிற தமிழ்ப் பிள்ளையள் எல்லாம் ரியூசனுக்குப் போகினம். நான் இன்னும் விடேல்ல. பிள்ளைய இப்பவே கசக்கிப் பிழியிறதோ எண்டு ஒரு மனம், விடாட்டி பிந்திப்போவாளோ எண்டு இன்னொரு மனம். ரியூசன் இல்லாமல் இந்தச் சோதினை பாஸ் பண்ண ஏலாதோ? - ஒரு அம்மா, இல்ஃபோர்ட்

ஏலும்மா. ஆனா கஷ்டம், அத மறைச்சு உங்களுக்கு ஆறுதல் சொல்ல விரும்பல.

பரீட்சைல இங்கிலீஷ், மேத்ஸ் தவிர வெர்பல் ரீசனிங் (வார்த்தைப் புதிர்), நான்-வெர்பல் ரீசனிங் (படப் புதிர்)னு ரெண்டு இருக்கு, எது எது வரும்ங்கறது ஏரியாவுக்கு ஏரியா மாறும். நான்-வெர்பல்ல ஒரு கேள்வி எப்படி இருக்கும்னு சொல்றேன். முதல் கட்டத்துல ஒரு அம்பு, மேல பாத்து நிக்குது, வால்ல ரெண்டு கோடு, பக்கத்துல ஒரு கருப்பு வட்டம். அடுத்த கட்டத்துல அதே அம்பு வலது பக்கம் திரும்பியிருக்கு, வால்ல மூணு கோடு, வட்டம் வெள்ளையாயிடுச்சு. மூணாவதுல அம்பு கீழ பாக்குது, கோடு நாலு, வட்டம் திரும்ப கருப்பு. நாலாவது கட்டம் எது, அஞ்சு படத்துல ஒண்ண டிக் பண்ணு. ஒரு நிமிஷம்கூட கிடையாது, அடுத்த கேள்வி காத்திட்டிருக்கும். இத முதல் தடவையா பாக்கற பிள்ளைக்கு என்ன கேக்கறாங்கன்னு புரியவே நேரம் போயிடும். நூறு பேப்பர் போட்ட பிள்ளை முதல்ல திசை, அப்புறம் எண்ணிக்கை, அப்புறம் கலர்னு வரிசையா பாத்து தப்பான படங்கள அடிச்சுத் தள்ளிட்டு போயிட்டே இருக்கும். ரெண்டு பிள்ளைக்கும் மூளை ஒண்ணுதான், பழக்கம்தான் வேற.

இந்தப் பழக்கத்தால மார்க் ஏறுதுங்கறது புதுசா கண்டுபிடிச்சது இல்ல, பிலிப் வெர்னன்னு ஒரு உளவியலாளர் 1950கள்லயே காட்டிட்டார். பத்து பதினஞ்சு வருஷம் முன்னாடி டியூஷன் எடுத்தாலும் பலன் இல்லாத மாதிரி ஒரு பரீட்சை வைக்கறோம்னு பக்கிங்கம்ஷர் உட்பட சில இடங்கள்ல பேப்பர மாத்தினாங்க, டியூஷன் சென்டர்கள் உடனே அந்தப் பேப்பருக்கும் புக் போட்டுட்டாங்க. வசதியான வீட்டுப் பிள்ளைங்கதான் அப்பவும் அதிகமா உள்ள போனாங்க.

உங்களுக்கு என்ன செய்யறதுன்னு கேட்டா, இயர் 4ல, எட்டு ஒன்பது வயசுல, டியூஷன் வேணாம். இப்ப அவ வாசிக்கட்டும், எது புடிக்குதோ அத, கதையோ கால்பந்தோ டைனோசரோ. வொகாபுலரி அதுலதான் வரும், லிஸ்ட் மனப்பாடம் பண்ணி வராது. பெருக்கல் வாய்ப்பாடு தடங்கல் இல்லாம வரணும். இயர் 5 தொடக்கத்துல ஒரு சாம்பிள் பேப்பர நேரம் வைக்காம வீட்லயே போட வச்சுப் பாருங்க. அவளுக்கு அந்தப் புதிர்ல ஆசை வருதா, இல்ல அழுகை வருதான்னு நீங்களே பாத்துடுவீங்க. ஆசை வந்தா வாரத்துக்கு ரெண்டு நாள் போதும். அழுகை வந்தா, தயவு செஞ்சு, அந்த ரெண்டு வருஷத்த அவகிட்ட இருந்து எடுத்துக்காதீங்க.

"கிராமர் ஸ்கூல்தான் ஏழைப் பிள்ளைங்கள மேல தூக்கி விட்டுச்சு"ன்னு என் வெள்ளக்கார பக்கத்து வீட்டுக்காரர் அடிச்சுச் சொல்றார். அவர் அப்பா சுரங்கத் தொழிலாளி, இவர் கிராமர்ல படிச்சு இன்ஜினியர் ஆனவர். நீங்க எழுதினத படிச்சுக் காட்டினா சண்டைக்கு வருவார். அவருக்கு என்ன சொல்றது? - மெய்ட்ஸ்டோன்ல இருந்து ஒரு வாசகர்

அவர் வாழ்க்கைய அவர் சொல்றார், அது உண்மை, அதுல சண்டை போட ஒண்ணும் இல்ல. அவர மாதிரி ஆயிரக்கணக்குல இருக்காங்க. ஆனா அவர் கூட பிரைமரில ஒரே பெஞ்சுல உக்காந்திருந்த மத்தப் பசங்க என்ன ஆனாங்கன்னு அவர்கிட்ட மெதுவா கேளுங்க.

1954ல அரசாங்கமே ஒரு அறிக்கை போட்டுச்சு, படிப்ப சீக்கிரம் விடறவங்கள பத்தி. கூலி வேலை செய்யறவங்க வீட்டுப் பிள்ளைங்க கிராமர் ஸ்கூல்ல சேர்ந்ததே கம்மி, சேர்ந்தவங்கள்லயும் நெறைய பேர் பாதியில நின்னுட்டாங்கன்னு அதுலயே இருக்கு. அப்ப அந்தத் தலைமுறை எப்படி மேல வந்துச்சு? போருக்கப்புறம் ஆபீஸ் வேலை, இன்ஜினியர், டீச்சர், டாக்டர்னு புதுசு புதுசா இடங்கள் உருவாச்சு, அத நிரப்ப ஆள் வேணும், கீழ இருந்து வந்தாதான் நிரம்பும். கிராமர் இல்லாத இடத்துலயும் அந்த ஏத்தம் நடந்துச்சு.

இன்னைய நிலைமைய பாருங்க. 2016ல, தெரசா மே இன்னும் நெறைய கிராமர் ஸ்கூல் வேணும்னு சொன்ன அதே வருஷம், கிராமர்ல இலவச மதிய சாப்பாட்டுக்கு தகுதியான, அதாவது ஏழை வீட்டுப் பிள்ளைங்க 3 சதவீதத்துக்கும் கீழ. நாடு முழுக்க அரசு செகண்டரி ஸ்கூல்கள எடுத்தா 13 சதவீதம் போல. அதே வருஷம் எஜுகேஷன் பாலிசி இன்ஸ்டிடியூட்னு ஒரு ஆய்வு அமைப்பு ஒரு அறிக்கை வெளியிட்டுச்சு. உள்ள போற பிள்ளைங்களுக்கு, பதினாறு வயசுல எழுதற ஜிசிஎஸ்ஈ பரீட்சைல ஒரு பாடத்துக்கு மூணுல ஒரு பங்கு கிரேடு போல கூடுதலா கிடைக்குது, ஆனா கிராமர் ஸ்கூல் அதிகமா இருக்கற ஏரியால உள்ள போக முடியாத ஏழைப் பிள்ளைங்களுக்கு கொஞ்சம் குறையுது, மொத்தமா கூட்டிக் கழிச்சா பெருசா லாபம் இல்ல. 2018ல டர்ஹாம் யுனிவர்சிட்டில கொரார்டும் சித்திக்கியும் பண்ண ஆய்வும் அப்படித்தான்: சேர்ற பிள்ளைங்களோட பின்னணிய கணக்குல எடுத்துட்டா கிராமர் ஸ்கூல் தனியா ஒண்ணும் சாதிக்கலன்னு சொல்லுது.

நான் கென்ட்ல தேர்வு வைக்காத ஒரு ஸ்கூல்ல மேத்ஸ் டீச்சரா இருந்தேன். செப்டம்பர் முதல் வாரம், இயர் 7, அதாவது செகண்டரி முதல் வருஷம், யூனிஃபார்ம் எல்லாம் ரெண்டு சைஸ் பெருசா, டை கட்டத் தெரியாம வருவாங்க. பின்னம் சொல்லிக் கொடுக்கும்போது ஒரு பையன் போர்டுல சரியா போட்டான், அஞ்சுல மூணையும் நாலுல மூணையும் பொதுப் பகுதி கண்டுபிடிச்சு கூட்டினான், ஒரு தப்பு இல்ல. நல்லா போட்டடான்னு சொன்னேன். "இல்ல மிஸ், நான் மேத்ஸ்ல ஃபெயில் ஆனவன், அதான் இங்க வந்தேன்"னு சொல்லிட்டு ரொம்ப சாதாரணமா போய் உக்காந்தான். பதினோரு வயசு. அது தப்புன்னு அவனுக்கு நிரூபிக்க எனக்கு ரெண்டு வருஷம் ஆச்சு. கிராமர் ஸ்கூல் நல்லதா கெட்டதான்னு யாராவது கேட்டா நான் அந்த ஸ்கூல பாத்து பதில் சொல்ல மாட்டேன், அந்த ஊர்ல இருக்கற மத்த ஸ்கூல்கள்ல இந்தப் பையன் மாதிரி எத்தன பேர் உக்காந்திருக்காங்கன்னு பாத்துதான் சொல்வேன்.

பரீட்சை வேணாம்னா வேற என்ன? நல்ல காம்ப்ரிஹென்சிவ் பக்கத்துல வீட்டு விலைய பாத்தீங்களா? காசு இருக்கறவன் வீடு வாங்கி சீட்டு வாங்கறான். அதுவும் தேர்வுதானே, மார்க்குக்கு பதிலா பேங்க் பேலன்ஸ பாக்கற தேர்வு. எங்க மாதிரி வாடகை வீட்ல இருக்கறவங்களுக்கு லெவன் பிளஸ் ஒண்ணுதான் கதவு. - ஒரு அப்பா, கிங்ஸ்டன்

வந்த கடிதங்கள்ல இதுதான் என்னைய ரொம்ப நேரம் யோசிக்க வச்சது. நீங்க சொல்றதுல பாதிக்கு மேல உண்மை. தூரத்த வச்சு சீட் கொடுத்தா, ஸ்கூல் நல்லா இருக்க இருக்க சுத்தி வீட்டு விலை ஏறும், ஏழைங்க தள்ளிப் போவாங்க.

ஆனா லெவன் பிளஸ் அந்தப் பிரச்சினைய தீர்க்கல, அதுக்கு மேல இன்னொண்ண கட்டுது. கிராமர் ஸ்கூல்கள்ல பலது ஒரு குறிப்பிட்ட போஸ்ட்கோடுக்கு முன்னுரிமை கொடுக்குது, அப்ப அங்கயும் வீட்டு விலை. ஏரியா கட்டுப்பாடு இல்லாத ஸ்கூலா, பார்னெட்ல இருக்கற குயின் எலிசபெத்ஸ் மாதிரி, இருநூறு சீட்டுகூட இல்ல, ஆயிரக்கணக்குல எழுதறாங்க. அதுல இடம் புடிக்க டியூஷன் காசு, வாரக் கடைசில கூட்டிட்டு போக ஒரு அப்பா அம்மா, அமைதியா உக்காந்து படிக்க ஒரு ரூம். நீங்க வாடகை வீட்ல இருந்தாலும் உங்க பிள்ளைக்கு நீங்க இருக்கீங்க, பேப்பர் எங்க கிடைக்கும்னு தெரிஞ்சு வச்சிருக்கீங்க. உங்க தெருவுலயே நைட் ஷிஃப்ட் பாக்கற ஒரு அம்மா வீட்டுப் பிள்ளைக்கு அந்தக் கதவு இருக்கறதே தெரியாது.

வழி இல்லாம இல்ல. தேர்வு இல்லாத ஸ்கூல்கள்லயும், எல்லா மட்டத்துப் பிள்ளைங்களும் கலந்து வர்ற மாதிரி திறன வச்சு அஞ்சாறு குழுவா பிரிச்சு ஒவ்வொரு குழுல இருந்தும் சமமா எடுக்கற முறை சில இடங்கள்ல இருக்கு. குலுக்கல் முறையும் உண்டு. கிராமர்லயே பர்மிங்கம்ல இருக்கற கிங் எட்வர்ட் ஸ்கூல்கள் ஏழைப் பிள்ளைங்களுக்கு கட்ஆஃப குறைச்சு, அவங்களுக்குன்னு இடம் ஒதுக்கி வைக்கறாங்க. அதுக்காக தரம் விழுந்து போகல. மத்த கிராமர் ஸ்கூல்கள் ஏன் அத அப்படியே செய்யலன்னு கேக்கற உரிமை நமக்கு இருக்கு, நாம கேக்கறதே இல்ல.

உங்க பிள்ளைய எழுத வைங்க. இருக்கற அமைப்புக்குள்ள பிள்ளைக்கு நல்லது தேடறது தப்பு இல்ல.

வட அயர்லாந்திலும் இப்படித்தானா? பெல்ஃபாஸ்ட் ஆஸ்பத்திரியில வேலைக்கு வர்றோம், மகனுக்கு ஒன்பது வயசு. - ஒரு நர்ஸ், மதுரை

அங்க இன்னும் அதிகம்மா. செகண்டரி பிள்ளைங்கள்ல பத்துல நாலு பேருக்கு மேல கிராமர்லதான் படிக்கறாங்க. அரசாங்கம் நடத்தின பரீட்சை 2008ஓட முடிஞ்சுது, ஆனா ஸ்கூல்கள் சும்மா இருக்கல, அடுத்த வருஷமே தாங்களே தனித்தனியா ரெண்டு பரீட்சை வச்சாங்க. சில பிள்ளைங்க ரெண்டையும் எழுதி அலைஞ்சாங்க. 2023ல இருந்து செயக் (SEAG)னு ஒரே பரீட்சை, இங்கிலீஷும் மேத்ஸும், நவம்பர் மாசம் ரெண்டு சனிக்கிழமை. பதிவு பண்ற தேதி அதுக்கு ரொம்ப முன்னாடியே முடிஞ்சிடும், வேலை உறுதியானதும் முதல் வேலையா அத பாருங்க.

ஆசிரியருக்கு, இலங்கையில ஐந்தாம் ஆண்டு புலமைப்பரிசில் பரீட்சையைப் பற்றியும் இதே விவாதம்தான் ஓடுது. ரெண்டையும் ஒண்டாப் பாக்கலாமோ? - ஒரு ஆசிரியர், மட்டக்களப்பு

வயசும் டியூஷனும் பெத்தவங்க பதட்டமும் ஒண்ணுதான் சார், ஆனா தொடக்கம் வேற. உங்க பரீட்சை, கல்வி அமைச்சரா இருந்த கன்னங்கராவோட இலவசக் கல்வி காலத்துல வந்தது, கிராமத்து ஏழைப் பிள்ளைக்கு உதவித்தொகையும் நல்ல ஸ்கூல்ல இடமும் கொடுக்கறதுக்கு, மத்திய கல்லூரிகள் அதுக்காகத்தான் ஊர் ஊரா கட்டினது. மாவட்டத்துக்கு ஒரு வெட்டுப்புள்ளி வைக்கறதால பின்தங்கின மாவட்டத்துப் பிள்ளைக்கும் ஒரு நியாயம் கிடைக்குது, இங்கிலாந்துல பொதுவா அந்த நினைப்பு இல்ல. பாஸாகாத பிள்ளையும், மேல் வகுப்பு இருக்கற ஸ்கூல்னா, அதுலயே தொடர முடியுது, அதுவும் பெரிய வித்தியாசம். ஆனா பத்து வயசுப் பிள்ளையோட படத்த மார்க்கோட பேனர்ல போடற பழக்கம் மட்டும் நிக்கணும், அதுக்கு எந்தச் சட்டமும் தேவையில்ல, ஸ்கூல்களே நிறுத்தலாம்.

மிஸ், இத அம்மாதான் தமிழில ரைப் பண்ணித் தாறா. நான் இயர் 12. லெவன் பிளஸ் பாஸ் பண்ணேல்ல. என்ர தங்கச்சி பாஸ் பண்ணினவ. இப்ப எனக்கு ஜிசிஎஸ்ஈ நல்ல ரிசல்ட், ஆனா சொந்தக்காரர் வந்தா இப்பவும் அதைத்தான் கதைக்கினம். - குரோய்டன்

தம்பி, இந்தக் கடிதத்த அம்மா கையால டைப் பண்ணி அனுப்பினாங்கங்கறதே எனக்கு சந்தோஷம், வீட்ல ஒருத்தர் உன் பக்கம் இருக்காங்க.

ஒரு விஷயம் தெரிஞ்சுக்கோ. 1957லயே தேசிய கல்வி ஆய்வு அமைப்பு இந்தப் பரீட்சைய சோதிச்சுப் பாத்துச்சு. எவ்வளவு கவனமா நடத்தினாலும் பத்துல ஒரு பிள்ளை போல தப்பான பக்கம் போய் விழுதுன்னு கண்டுபிடிச்சாங்க. கோட்டுக்கு ஒரு மார்க் மேல, ஒரு மார்க் கீழ, அன்னைக்கு காலைல தூக்கம் எப்படிங்கறதுகூட முடிவு பண்ணிடும். நீ பதினாறு வயசுல எடுத்த ஜிசிஎஸ்ஈ மார்க்கையும் இனி எடுக்கப் போற ஏ லெவல் மார்க்கையும்தான் யுனிவர்சிட்டி பாக்கும், லெவன் பிளஸ் ரிசல்ட்ட யுனிவர்சிட்டிக்கு விண்ணப்பிக்கற யூகாஸ் ஃபார்ம்ல எந்த இடத்துலயும் கேக்க மாட்டாங்க. தங்கச்சி மேல கோவம் வேணாம், அவளும் இதே பேச்ச வேற மாதிரி சுமந்துட்டுதான் இருப்பா. அம்மாவுக்கு ஒரு வேண்டுகோள்: அடுத்த தடவ சொந்தக்காரங்க ஆரம்பிச்சா, பிள்ளை முன்னாடியே நிறுத்தச் சொல்லுங்க. அப்புறமா தனியா சொல்றது பிள்ளைக்கு கேக்காது.

அக்டோபர்ல ரிசல்ட் வருது, அந்த மாசக் கடைசிக்குள்ள ஃபார்ம் போடணும். ஆறு இடத்துலயும் கிராமர் போட்டா சான்ஸ் அதிகமா? கிராமர முதல்ல போடலன்னா கோவிச்சுக்குவாங்களா? - ஒரு அம்மா, சட்டன்

ரெண்டுக்கும் இல்ல. நீங்க எந்த ஸ்கூல எத்தனாவதா போட்டீங்கன்னு ஸ்கூலுக்கு தெரியாது. ஒவ்வொரு ஸ்கூலும் தன்னோட விதிப்படி பிள்ளைங்கள வரிசைப்படுத்தி கவுன்சிலுக்கு அனுப்பும், உங்களுக்கு எங்கெல்லாம் இடம் வருதோ அதுல உங்க லிஸ்ட்ல எது மேல இருக்கோ அத கவுன்சில் கொடுக்கும். அதனால உண்மையிலயே எது வேணுமோ அந்த வரிசைல போடுங்க, தந்திரம் எதுவும் பலிக்காது.

ஆறையும் கிராமரா போட்டு எதுவும் கிடைக்கலன்னா, மிச்சம் இடம் இருக்கற ஏதோ ஒரு ஸ்கூல கவுன்சில் கொடுக்கும், அது ரெண்டு பஸ் மாறிப் போற இடமா இருக்கலாம். பக்கத்துல இருக்கற காம்ப்ரிஹென்சிவ் ஸ்கூல் குறைஞ்சது ரெண்டு உங்க லிஸ்ட்ல இருக்கணும். போன வருஷம் எவ்வளவு தூரம் வரைக்கும் சீட் கொடுத்தாங்கன்னு கவுன்சில் சேர்க்கை கையேட்டுல போட்டிருப்பாங்க, உங்க வீடு அதுக்குள்ள வருதான்னு பாருங்க. அந்த ஸ்கூல்களோட ஓபன் டே பெரும்பாலும் செப்டம்பர், அக்டோபர்ல வரும், பரீட்சை முடிஞ்ச களைப்புல விட்டுடாதீங்க. பிள்ளையையும் கூட்டிட்டு போங்க. ஹால்ல ஹெட்டீச்சர் பேசறத விட காரிடார்ல பிள்ளைங்க டீச்சர்கிட்ட எப்படி பேசறாங்கன்னு பாருங்க, மியூசிக் ரூம் பூட்டிக் கிடக்கா, லைப்ரரில ஆள் இருக்கான்னு பாருங்க.

பரீட்சை அன்னைக்கு பிள்ளைக்கு உடம்பு சரியில்லாம இருந்தா அன்னைக்கே டாக்டர் லெட்டர் வாங்கி வைங்க, அப்பீல்ல அதுதான் நிக்கும். மார்ச் 1ம் தேதி வாக்குல சீட் தகவல் வரும். புடிக்கலன்னாலும் வந்த சீட்ட வேணாம்னு சொல்லிடாதீங்க, ஏத்துக்கிட்டு, மத்த ஸ்கூல்களோட வெயிட்டிங் லிஸ்ட்ல பேர் இருக்கான்னு கவுன்சில்ல கேட்டு உறுதி பண்ணிக்கோங்க. ஏத்துக்கறதால வெயிட்டிங் லிஸ்ட்லயும் அப்பீல்லயும் உங்க வாய்ப்பு குறையாது.